வீச்சு போன தோள்

பரோட்டா மாஸ்டர் வேலையில வாய்க்கு லீவு உண்டு, கைக்குக் கிடையாது. என் வலது தோள்ல தசைநார் பாதி கிழிஞ்சு, கழுத்துல பட்டை மாட்டிக் கையத் தொங்கவிட்டுத் திரிஞ்ச கதை இது. அதே பட்டையோட திரியுற சொந்தங்களே, உங்களுக்குத்தான் புரியும், மத்தவுக "சுளுக்குத்தானே"ம்பாக.

வெள்ளிக்கிழமைக் கூட்டம்

திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால எங்க கடை. சாயங்காலம், கூட்டம் அம்முது. மாவை விரிச்சு ஒரு வீச்சு வீசுனேன். தோளுக்குள்ள நூல் அறுந்த மாதிரி 'பட்'டுன்னுச்சு. கை தொங்கிருச்சு, மாவு தரையில. கண்ணுல தண்ணி முட்டி நிக்கிறேன். முதல் டேபிள்காரர் எட்டிப் பாத்தாரு.

"ஏண்ணே, எனக்கு ரெண்டு போடச் சொன்னா தரைக்குப் போடுறீக?"

ரப்பர் பட்டை

ஸ்கேன் பாத்த டாக்டர் ஆபரேஷன் வேணாம்னாரு. பயிற்சி செஞ்சா ஆறும், மறுபடி வீச முடியுமாங்கிறத அப்புறம் பாப்போம்னாரு. அந்த 'அப்புறம்'தான் எனக்குச் சோறு இறங்காமப் பண்ணுச்சு. வீச்சு இல்லைன்னா நான் மாஸ்டரே இல்லையே!

பயிற்சி சொல்லிக் குடுக்குற பொண்ணு அகலமான ரப்பர் பட்டையக் குடுத்து மெதுவா இழுக்கச் சொல்லுச்சு. மெத்துன்னு கையில பட்டுச்சா, பாழாப்போன பழக்கம், விரிச்சு வீசிப்புட்டேன்! உசுரு போயிட்டு வந்துச்சு. அந்தப் பொண்ணு பதறிப்போச்சு.

"அண்ணே, இது மாவு இல்லண்ணே! இன்னொருக்க இப்படிப் பண்ணுனீங்க, பரோட்டா என்ன, தலைகூடச் சீவ முடியாது."

ஒரு வாய்ச் சோறு

இடது கையால சாப்பிட மனசு ஒப்பல. வலது கை வாய்க்கு எட்டல. தட்டையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தேன். என் வீட்டுக்காரி மும்தாஜ் சோத்தப் பிசைஞ்சு நீட்டுனா. எனக்கு அழுகை வந்துருச்சு. அதுக்கும் அவ விடல.

"வாயத் தொறங்க. வீசாமத்தான் ஊட்டுவேன்."

கொடைரோட்டுக்காரர்

கை ஒருவழியா ஆறுச்சு. ஆனா வீசவே கூடாதுன்னு டாக்டர் முடிவாச் சொல்லிட்டாரு. இப்பக் கல்லுல நின்னு பரோட்டா போடுறது புதுசா வந்த சித்தையன்கோட்டை மாஸ்டர். நான் பக்கத்துல பார்சல் கட்டுறேன். கொடைரோட்டுல இருந்து வாரா வாரம் வர்ற வாடிக்கைக்காரர் ஒருத்தரு, நல்லா இருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லாதவரு, ஒருநாள் உள் ரூம்ல சாப்பிட்டுட்டு வந்தாரு. புது மாஸ்டர் டீ குடிக்கப் போயிருந்தாரு. கல்லத் தொடச்சுக்கிட்டு நின்ன என் கைய அந்தக் கொடைரோட்டுக்காரர் பிடிச்சுக்கிட்டாரு.

"கை சரியாயிருச்சு போல மாஸ்டர்! அதே பதம், அதே முறுகல். வேற யாரு போட்டாலும் இப்படி வராது."

இத்தனை வருசம் அந்தக் கல்லு முன்னால வெந்த எனக்கு ஒருத்தர் வாயால கிடைச்ச முதல் பாராட்டு, அடுத்தவர் போட்ட பரோட்டாவுக்கு.