அம்மனுக்குச் சொன்ன மஞ்சள் வண்டி

ஆரணியில் எங்கள் பட்டுச் சரக்கை ஏற்றும் நீல நிற லோடு ஆட்டோ என் பெயரில் இருக்கிறது. பக்கத்துத் தெருக்காரர் வீட்டுச் சாமான் ஏற்ற என்று இரவல் வாங்கிப்போய் திருட்டுத்தனமாக ஆற்று மணலை ஏற்றிவிட்டார். போலீஸ் வண்டியைப் பிடித்துக்கொண்டது. என் மகனின் பிழைப்பே நின்றுபோனது. "வண்டி வந்தா மஞ்சள் பெயிண்ட் அடிச்சு உன் வாசலுக்கு எடுத்துகினு வரேன்" என்று படவேடு ரேணுகாம்பாளிடம் வேண்டிக்கொண்டேன்.

வக்கீலம்மா கோர்ட்டில் மனுப் போட்டார். எழுத்துக் கூட்டிப் படிப்பவள்தான் நான். ஆனாலும் நீதிபதி முன்னால் நிமிர்ந்து நின்று பதில் சொன்னேன். வழக்கு முடியும்வரை வண்டியை நாங்களே வைத்துக்கொள்ள உத்தரவு வந்தது. வக்கீலம்மா படித்துச் சொன்ன நிபந்தனைகள், சந்தோஷத்தில் என் காதில் ஏறவில்லை.

மறுநாளே பெயிண்டரைக் கூப்பிட்டேன். அவர் டப்பாவைத் திறக்கும்போது, கேசரி சாப்பிட நான் அழைத்திருந்த வக்கீலம்மா வந்துவிட்டார்.

"இன்னாம்மா பண்ணிகினு இருக்கீங்க? கலர் மாத்த மாட்டோம்னு எழுதிக் குடுத்துதானே வண்டிய எடுத்தோம்? திரும்பப் புடிச்சுகினு பூடுவாங்க!"

"அம்மனுக்குச் சொல்லிட்டேனே, தாயே!"

"அம்மன் கிட்ட நீங்க பேசிக்குங்க. ஜட்ஜு கிட்ட என்னால பேச முடியாது."

பேசிக்கொண்டேன். எங்கள் தறியில் நெய்த மஞ்சள் பட்டுப் புடவையை வண்டிக்குச் சுற்றிக் கட்டி, மகன் ஓட்ட, பக்கத்தில் உட்கார்ந்து படவேடு போனேன். வழியெல்லாம் சனம் நின்று பார்த்தது! கோயில் வாசலில் புடவையை அவிழ்த்து அம்மனுக்கே சாத்தக் கொடுத்தேன்.

இப்போது யார் வண்டி கேட்டாலும், என் மகன் ஓட்டினால்தான் அனுப்புகிறேன். வேண்டுதல் வைக்கும் முன்னால் வக்கீலம்மாவுக்கு ஒரு போன் போட்டுவிடுகிறேன்.