குக்கருக்கு இன்னும் பதினோரு நாள்

விபத்தைத் தடுக்கிறவனை யாரும் கவனிப்பதில்லை. விபத்தை எழுதுகிறவனை எல்லோரும் முறைப்பார்கள். 2006-ல் கடலூர் பக்கம் ஒரு மிட்டாய்க் கம்பெனியில் எனக்கு அந்த எழுதுகிற வேலை வாய்த்தது. ஆபீஸ் பாரங்களோடு மல்லுக்கட்டும் சகோதரர்களே, என் கஷ்டம் உங்களுக்குத்தான் புரியும்.

மயிரிழை

விபத்து மட்டும் போதாது, மயிரிழையில் தப்பியதையும் பாரத்தில் எழுதிப் பெட்டியில் போட வேண்டும் என்று மேலிடத்து உத்தரவு. பாகு காய்ச்சும் செல்வராசு அண்ணனிடம் அரைமணி நேரம் விளக்கினேன். மேலேயிருந்து தட்டு விழுந்து, காலில் படாமல் போனால்கூட எழுதலாம் என்றேன். பாரத்தை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். "நடக்காதத எழுதச் சொல்றீங்க. நாளைக்கு எதுனா வம்புன்னா கையெழுத்துப் போட்ட நான்தானே சார் மாட்டுவேன்?"

மூடி

பெட்டி இரண்டு மாதம் காலியாகவே கிடந்தது. உடனே, செக்‌ஷனுக்கு மாதம் ஐந்து பாரம் கட்டாயம் என்றார் மேனேஜர். மாதக் கடைசியில் பெட்டி நிரம்பி வழிந்தது. எல்லாப் பாரத்திலும் ஒரே சங்கதி: "கேன்டீன் வாசல் சாக்கடை மூடி ஆடியது, விழப் பார்த்தேன்." அடுத்த மாதமும் அதே. அதற்கடுத்த மாதமும் அதே வந்தபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பேக்கிங் மேஸ்திரி தனகோடியைக் கூப்பிட்டு, காப்பி அடிப்பதற்கும் ஒரு அளவு வேண்டாமா என்று கத்தினேன். அவர் அசரவில்லை. "நாங்க இன்னா சார் பண்றது? மாசா மாசம் அதே மூடிதானே ஆடுது!"

மூல காரணம்

ஸ்டோர் கலியமூர்த்தியின் கட்டைவிரலில் டின் விழுந்தது. பாரத்தில் மூல காரணம் என்ற கட்டத்தில் "ஏழரைச் சனி" என்று எழுதியிருந்தார். எடுத்த நடவடிக்கை: "திருநள்ளாறு போய் வந்தாச்சு." கிழிக்கப் போனேன், கையைப் பிடித்துக்கொண்டார். "உங்க கட்டு பூராவும் பொரட்டிப் பாருங்க சார். நடவடிக்கை எடுத்த பாரம் இது ஒண்ணுதான்!"

அப்பளம்

கேட்டில் ஒரு பலகை உண்டு: விபத்தின்றி ஓடிய நாட்கள். லீவு போடுகிற அளவுக்கு அடிபட்டால்தான் அதில் கணக்கு. அது ஒரு வருஷத்தைத் தொட்டால் ஆளுக்கொரு குக்கர். இன்னும் பதினோரு நாள்தான் பாக்கி. அப்போது பார்த்து, பைப் வேலை பார்க்கும் ஃபிட்டர் ஏழுமலை வலது கையில் பெரிய கட்டோடு வந்து நின்றார்.

"வூட்ல அப்பளம் பொரிச்சேன் சார், எண்ணெ தெறிச்சிருச்சு" என்றார். கூட வேலை செய்கிற நாலு பேரும், "ஆமா சார், நாங்க பாத்தோம்" என்றார்கள். இவர் அப்பளம் பொரிப்பதைப் பார்க்க நெல்லிக்குப்பம் வரைக்கும் போனீர்களா என்று கேட்டேன். பாகுக் கொப்பரைக்குப் போகும் நீராவி வால்வு கசிகிறது என்று எனக்குச் சந்தேகம். எழுதினால்தான் மாற்றுவார்கள். எழுதாவிட்டால் நாளைக்கு இன்னொருவர் முகம் வெந்துபோகும். ஆனால் உண்மையைச் சொன்னால், எனக்கும் ஒரு குக்கர் வர வேண்டியிருந்தது. "அப்பளம்" என்றே எழுதிக்கொண்டேன்.

மறுநாள் ஏழுமலையும் அவர் மனைவி மல்லிகாவும் லீவுக்காக டாக்டர் சீட்டோடு வந்தார்கள். இனிமேல் அவரை அப்பளம் பொரிக்க விடாதீர்கள் என்று பேச்சுக்குச் சொல்லிவைத்தேன்.

"அப்பளமா? கண்ணாலம் ஆயி பதினாலு வருசத்துல இந்தாளு தண்ணிகூட மொண்டு குடிச்சது இல்ல சார்!"

ஏழுமலை தலையைக் குனிந்துகொண்டு, "அடியே, குக்கரு..." என்று முனகினார். எனக்கு வெட்கமாகப் போயிற்று. பழைய பாரத்தைக் கிழித்துவிட்டுப் புதிதாக ஒன்றை எடுத்தேன். அந்த அம்மா மேஜைமேல் கையை ஊன்றிக்கொண்டு சொன்னார்: "குக்கர் எங்கூட்ல இருக்கு சார். அவுருக்கு சோத்துக்கை ஒண்ணுதான். மொதல்ல அந்தப் பைப்ப அடைங்க."

அன்று சாயங்காலமே வால்வை மாற்றிவிட்டார்கள், பலகையில் பூஜ்யம் போட்டவன் நான் என்பதால் அடுத்த ஒரு மாதம் கேன்டீனில் ஒரு முழு பெஞ்சையும் எனக்கே விட்டுக்கொடுத்தார்கள்.