என்ஜினில் ஒட்டிக்கொண்ட வளையம்

என் மேசை இழுப்பறையில் ஒரு ரப்பர் வளையம் கிடக்கிறது. குழந்தையின் வளையல் அளவு இருக்கும். ஒரு பக்கம் பிய்ந்து, மறுபக்கம் தட்டையாக நசுங்கி, இத்தனை வருடத்துக்குப் பிறகும் தொட்டால் விரலில் லேசாகக் கறுப்பு ஒட்டும். பாலிடெக்னிக்கில் என்னிடம் படிக்கும் பையன்கள் யாராவது அதை எடுத்துப் பார்த்துவிட்டு என்ன சார் இது என்று கேட்பார்கள். பழைய கார் ஒன்றின் ஆயில் ஃபில்டரில் இருந்த வளையம் என்று சொல்லி வாங்கி உள்ளே போட்டுவிடுவேன். அது பொய்யில்லை. ஆனால் அதை நான் வைத்திருப்பது காருக்காக இல்லை, என் மச்சானுக்காக. அக்காவின் கணவர். எட்டாம் வகுப்போடு நின்றுவிட்டு மினி லாரி ஓட்டப் போனவர். இந்த உலகத்தில் நான் மனதாரப் பொறாமைப்பட்ட ஒரே ஆள் அவர்தான்.

நான் பிளஸ் டூ படிக்கும்போது எங்கள் வீட்டுக்குக் கார் வந்தது. கார் என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். திண்டுக்கல்லில் ஒரு தோல் வியாபாரி ஓட்டித் தேய்த்த வெள்ளை டீசல் கார். அப்பா அதன் பின் சீட்டைக் கழற்றி மாட்டுத் தொழுவத்தில் போட்டுவிட்டு, அந்த இடத்தில் பூ மூட்டைகளை ஏற்றினார். அகரம் பக்கம் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர். மல்லியும் சம்பங்கியும். காலையில் மொட்டாகவே மார்க்கெட்டுக்குப் போய்ச் சேராவிட்டால் மல்லிக்கு மரியாதை இல்லை. அதனால் அந்தக் காரில் எப்போதும் மல்லி வாசமும் டீசல் வாடையும் கலந்து அடிக்கும். நாங்கள் ஒரு விசேஷத்துக்கு அதில் போய் இறங்கினால், எங்கள் சட்டையை முகர்ந்தே பூக்காரர் வீட்டு ஆட்கள் வந்துவிட்டார்கள் என்று சொல்லிவிடலாம்.

அப்பாவுக்குக் கையெழுத்து மட்டும் போடத் தெரியும். எத்தனை கிலோமீட்டருக்கு ஒருமுறை ஆயில் மாற்ற வேண்டும் என்ற கணக்கெல்லாம் அவரிடம் இல்லை. ஆயில் பார்க்கும் கம்பியை உருவி, அதன் நுனியைக் கட்டைவிரலிலும் ஆள்காட்டி விரலிலும் வைத்துத் தேய்ப்பார். "எண்ணெய் செத்துப்போச்சு" என்பார். உடனே சின்னாளப்பட்டிக்குப் போன் போகும். ஞாயிற்றுக்கிழமை காலையில் மச்சான் வந்து நிற்பார்.

முதலில் இருவரும் தாடிக்கொம்பு வரை காரை ஓட்டிக்கொண்டு போய்த் திரும்புவார்கள். சூடாக இருந்தால்தான் பழைய ஆயில் அடிமண்டியோடு இறங்கும். பிறகு தொழுவத்துக்குப் பக்கத்தில் சரிவாகப் போட்டிருந்த இரண்டு கருங்கல் பலகைகள் மேல் முன்சக்கரங்களை ஏற்றி, பின்சக்கரத்துக்குக் கல் முட்டுக்கொடுத்து, சாக்கை விரித்து, இருவரும் மல்லாந்து உள்ளே போவார்கள். வெளியே நான்கு பாதங்கள் மட்டும் நீட்டிக்கொண்டிருக்கும். அப்பாவின் வெடித்த குதிகால்கள் இரண்டு, அவற்றை ஒட்டி மச்சானுடையவை இரண்டு. உள்ளிருந்து அப்பாவின் குரல் வரும். "ஏலே, சட்டிய இங்கிட்டு நவுத்து. ஏலே, கையச் சுட்டுக்காத. கண்ணு எங்கிட்டுலே இருக்கு ஒனக்கு?" மச்சான் பதிலுக்கு ஏதோ முணுமுணுப்பார். இருவரும் சேர்ந்து சிரிப்பார்கள். எதற்கென்று எனக்குக் கேட்காது.

நான் நாற்காலியில் உட்கார்ந்திருப்பேன். நான் பத்தாம் வகுப்புக்குப் போனபோது படிப்பதற்கென்றே அப்பா வாங்கி வந்த இரும்பு மடக்கு நாற்காலி அது. வீட்டில் வேறு யாரும் அதில் உட்கார மாட்டார்கள்.

மற்ற வீடுகளில் நடப்பது வேறு என்பதை இங்கே சொல்ல வேண்டும். மாப்பிள்ளை வந்தால் அவருக்குத்தான் நாற்காலி, அவருக்குத்தான் முதல் காப்பி. மகன்தான் காருக்கடியில் கிடப்பான், திட்டு வாங்குவான். எங்கள் வீட்டில் எல்லாம் தலைகீழ். மச்சான் அப்பாவின் சொந்த அக்கா மகன். பிறந்ததிலிருந்து அப்பா அவரை "ஏலே" என்றுதான் கூப்பிட்டார். அக்காவைக் கட்டிக்கொடுத்த பிறகும் அது மாறவில்லை. என்னையும் ஒரு காலத்தில் அப்படித்தான் கூப்பிட்டார். பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலை நான் நீட்டிய அன்று, களை வெட்டிக்கொண்டிருந்தவர் கையைத் துண்டில் இரண்டு முறை துடைத்துவிட்டுத்தான் அதை வாங்கினார். எங்கள் வகையறாவில் அதுவரை யாரும் அவ்வளவு தூரம் படித்ததில்லை. தலைகீழாகப் பிடித்தபடியே வெகுநேரம் பார்த்தார். "நல்லது தம்பி" என்றார். அன்றிலிருந்து நான் தம்பி. ஒரு திட்டு கிடையாது, ஒரு வேலை கிடையாது.

இன்ஜினியரிங் கல்லூரியில் மெக்கானிக்கல் சேர்ந்தேன். என்ஜினுக்குள் ஆயில் எந்த வழியாக ஏறி எந்த வழியாக இறங்குகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு வரைவேன். ஆனால் நானும் வருகிறேன் என்று குனிந்தால், "சட்டை அழுக்காயிரும் தம்பி, நீ போயிப் படி" என்று உள்ளிருந்து குரல் வந்துவிடும். எனக்கு வலித்தது ஆயில் விஷயம் மட்டுமில்லை. எங்கள் வீட்டின் எல்லாப் பேச்சும் அந்தக் காருக்கடியில்தான் நடந்தது. தோட்டத்தில் போர்வெல் போடுவதென்று முடிவானது அங்கேதான். எனக்குத் தெரிந்தது, போர் லாரி தோட்டத்துக்குள் நுழைந்து சம்பங்கி வரப்பை மிதித்த அன்று. அம்மாவின் கண் ஆபரேஷன் பேச்சும் அங்கேதான் நடந்தது. பழைய ஆயிலைக் கொண்டு தொழுவத்துக் கால்களுக்குக் கரையான் ஏறாமல் பூசும் வேலைகூட மச்சானுக்குத்தான். நான் நாற்காலியில் உட்கார்ந்து, அந்த நான்கு பாதங்களைப் பார்த்துக்கொண்டே பக்கத்தைப் புரட்டுவேன். ஒரு வரி மண்டையில் ஏறாது.

கடைசி வருடம், செமஸ்டர் விடுமுறை. ஞாயிற்றுக்கிழமை வரச்சொல்லி மச்சானுக்குப் போன் போயிருந்தது. ஃபில்டரும் ஆயிலும் வாங்கி வைத்தாயிற்று. சனிக்கிழமை மத்தியானம் அப்பா தோட்டத்தில் இருக்கும் நேரம் பார்த்து நானே சாவியை எடுத்தேன். எல்லாம் அவர்கள் செய்வதுபோலவே செய்தேன். தாடிக்கொம்பு போய் வந்தேன். கல்லில் ஏற்றினேன். அடி நட்டைக் கழற்றிச் சட்டியில் வடியவிட்டேன். பழைய ஃபில்டர்தான் அசைய மறுத்தது. துணியைச் சுற்றி முழு பலத்தையும் போட்டுத் திருகியதும் சட்டென்று விட்டுக்கொடுத்து, முழங்கை வரை ஆயில் வழிந்தது. அந்தச் சூட்டை இப்போதும் உணர முடிகிறது. அவ்வளவு சந்தோஷம் எனக்கு. புது ஃபில்டரின் வளையத்தில், புத்தகத்தில் படித்தபடி, புது ஆயிலை விரலால் தடவி, கையால் மட்டும் இறுக்கினேன். ஆயில் ஊற்றி என்ஜினைப் போட்டுப் பார்த்தேன். ஒரு சொட்டு ஒழுகவில்லை.

அப்பா வந்து, காரைப் பார்த்தார், என் சட்டையைப் பார்த்தார். "எதுக்கு தம்பி ஒனக்கு இதெல்லாம்" என்றார். அதைப் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டேன். பிறகு மச்சானுக்குப் போன் செய்து, நாளைக்கு வர வேண்டாம், நானே முடித்துவிட்டேன் என்று சொன்னேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் பேச்சில்லை. "அப்ப சரி, இன்ஜினியரே" என்று சிரித்தார். அந்தச் சின்ன மௌனத்தைக் கேட்பதற்காகத்தான் போன் செய்தேன் என்பதை இன்று ஒப்புக்கொள்கிறேன். அது எனக்கு அவ்வளவு இனிப்பாக இருந்தது.

மறுநாள் காலை பூ மூட்டைகளோடு நானும் காரில் ஏறிக்கொண்டேன். திண்டுக்கல் மலைக்கோட்டை நன்றாகக் கண்ணில் படும் தூரம் வந்திருப்போம். ஸ்டீயரிங்குக்கு முன்னால் ஆயிலுக்கான சிவப்பு விளக்கு எரிந்தது. அப்பா மறு நொடி என்ஜினை அணைத்து ஓரங்கட்டினார். இறங்கிப் பார்த்தால், நாங்கள் வந்த வழி முழுக்கக் கறுப்பாக ஒரு கோடு. பக்கத்தில் இன்ஜினியரிங் படிக்கும் மகன் நிற்கிறான். அப்பா போனை எடுத்து மச்சானைக் கூப்பிட்டார்.

பூ மூட்டைகளை டவுன் பஸ்ஸில் ஏற்றி மார்க்கெட்டுக்கு அனுப்பிவிட்டு நாங்கள் காத்திருந்தோம். மச்சான் பைக்கில் ஆயில் கேனைக் கட்டிக்கொண்டு வந்தார். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. ஜாக்கியைப் போட்டு, தோள் நுழையும் அளவுக்கு உள்ளே சரிந்து, ஃபில்டரைக் கழற்றினார். வெளியே வந்தபோது அவர் சுண்டுவிரலில் இந்த வளையம் தொங்கியது. பழைய ஃபில்டரைக் கழற்றும்போது அதன் வளையம் மட்டும் என்ஜினோடு ஒட்டிக்கொண்டு அங்கேயே நின்றுவிட்டது. நான் அதைப் பார்க்காமல் அதன் மேலேயே புதியதை ஏற்றி இறுக்கிவிட்டேன். வீட்டில் சும்மா ஓடியபோது தாங்கியது. ரோட்டில் ஓட ஓட, ஆயிலின் அழுத்தம் பழையதைப் பிதுக்கித் தள்ளிவிட்டது.

நான் செய்த தப்புதான் என்று அப்பாவிடம் சொன்னேன். சொல்லிவிட்டுக் காத்திருந்தேன். இப்போதாவது வரும் என்று நினைத்தேன். "ஏலே, கண்ணு எங்கிட்டுலே இருக்கு ஒனக்கு" என்பது அன்று சத்தியமாக எனக்கு உரிய திட்டு. நடுரோட்டில் வைத்துக் கிடைத்தாலும் சந்தோஷமாக வாங்கிக்கொண்டிருப்பேன்.

அப்பா என் முகத்தைப் பார்க்கவில்லை. "சரி விடு தம்பி. வெயில்ல நிக்காத, அங்கிட்டு நெழல்ல போயி நில்லு" என்றார். பிறகு மச்சான் பக்கம் திரும்பினார்.

"ஏலே, அவன்தேன் படிக்கிற புள்ள, அவனுக்கு என்ன தெரியும்? கழட்டுனதும் வளையத்தத் தடவிப் பாக்கணும்னு ஒரு வார்த்த சொல்லி வச்சியாலே நீயி? இம்புட்டு வருசமா என்னத்தப் பழகுன?"

மச்சான் தலையைச் சொறிந்தார். "சொல்லல மாமா. தப்புத்தேன்."

அந்தத் திட்டையும் அவரே வாங்கிக்கொண்டார். வேப்பமர நிழலில் நின்று நான் பார்த்துக்கொண்டிருந்தேன். நன்றி தோன்றியிருக்க வேண்டிய இடத்தில் எனக்கு வந்தது எரிச்சல்தான்.

காரைக் கிளப்பி அப்பாவை மார்க்கெட்டுக்கு அனுப்பிவிட்டு, மச்சான் என்னைப் பைக்கில் ஏற்றி ஒரு டீக்கடையில் நிறுத்தினார். சோப்புப் பொடி வாங்கிக் கைகளைக் கழுவினோம். வளையத்தை என் உள்ளங்கையில் வைத்து, "வச்சுக்க, இன்ஜினியரே. பரிச்சையில வராத கேள்வி" என்றார். எனக்கு அடக்க முடியவில்லை. அப்பா என்னை ஒரு வார்த்தைகூடத் திட்டவில்லையே மச்சான் என்று சொல்லிவிட்டேன். குரல் உடைந்துவிட்டது.

அவர் டீயை ஆற்றிக்கொண்டே என்னை ஏற இறங்கப் பார்த்தார். "திட்டு வாங்கலன்னு அழுகுற ஆள இன்னிக்குத்தேன் பாக்குறேன்" என்று சிரித்தார். கிளாஸைக் கீழே வைத்தார். பிறகு சிரிப்பில்லாமல் சொன்னார்.

"ஒங்க வீட்டுல பொண்ணெடுத்து நாலு வருசத்துக்கு மேலாச்சு. அந்த இரும்புச் சேர்ல ஒருக்கா, ஒரே ஒருக்கா, உக்காருங்க மாப்பிள்ளன்னு ஒங்கப்பா சொல்லிருக்காரா? தல தீவாளிக்குப் புதுவேட்டியோட வந்தேன். அதக் கட்டிக்கிட்டே கார்க்கடியில கெடந்தேன். ஒங்கக்காட்டக்கூட இதச் சொன்னதில்ல."

அந்த நாற்காலியை அவர் பார்த்துக்கொண்டிருந்திருப்பார் என்று நான் ஒரு நாளும் நினைத்ததில்லை. நான் பாதங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதைக் கேட்டதும் என் பொறாமை தீர்ந்துவிட்டது என்று எழுதினால் நன்றாக இருக்கும். தீரவில்லை. அடுத்த ஆயில் மாற்றத்துக்கும் அவர்தான் வந்தார், நான் நாற்காலியில்தான் இருந்தேன். ஒரே வித்தியாசம், அதன் பிறகு அந்த நாற்காலி எனக்குக் குத்தியது.

இப்போது கதை வேறு. வருடக்கணக்காக மினி லாரியில் குலுங்கி மச்சானின் இடுப்பு எலும்பு தேய்ந்துவிட்டது. குனியக் கூடாது, தரையில் படுத்து எழக் கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். கார் இன்னும் இருக்கிறது. அப்பாவும் இருக்கிறார். போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் கம்பியை உருவித் தேய்த்துப் பார்த்துவிட்டு, வேறு வழியில்லாமல் என்னைப் பார்த்தார். அக்காவும் மச்சானும் வீட்டுக்கு வந்திருந்தார்கள். மச்சான் வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். அப்பா உள்ளே போய் அந்த இரும்பு நாற்காலியைத் தூக்கி வந்து, துண்டால் தட்டி, கார் பக்கத்தில் விரித்துப் போட்டார்.

"நீங்க இப்பிடி உக்காருங்க மாப்பிள்ள."

நீங்க என்றார். மச்சான் ஒரு கணம் என்னைப் பார்த்தார். பிறகு, வலிக்கும் இடுப்பைப் பிடித்துக்கொண்டு மெல்ல உட்கார்ந்தார்.

நான் மல்லாந்து உள்ளே போனேன். அப்பாவும் முனகிக்கொண்டே பக்கத்தில் வந்து படுத்தார். அவர் தோள் என் தோளில் பட்டது. ஃபில்டர் கழன்று வந்ததும் என் காதுக்குள் அந்தக் குரல் கேட்டது. "ஏலே, வளையம் வந்துச்சா? தடவிப் பாருலே."

தடவிப் பார்த்தேன். ஃபில்டரோடு வந்திருந்தது. உரித்து அவர் கையில் வைத்தேன். "இந்தவாட்டி கண்ணு தெரிஞ்சிருச்சு போலருக்கு" என்றார். இருவரும் சிரித்துவிட்டோம். வெளியே மச்சானின் செருப்புப் போட்ட பாதங்கள் மட்டும் தெரிந்தன. பெருவிரல் ஆடிக்கொண்டிருந்தது. "என்ன மாமா, என்ன சிரிப்பு?" என்று குனிய முடியாமல் மேலிருந்தே கேட்டார்.

"ஒண்ணுமில்ல மாப்பிள்ள. நீங்க காப்பியக் குடிங்க."

பெருவிரல் ஆடுவது நின்றது. அவர் முகம் எனக்குத் தெரியவில்லை. தெரிய வேண்டிய அவசியமும் இல்லை. அந்த நாற்காலியில் உட்கார்ந்தவனுக்கு அங்கிருந்து என்ன கேட்கும், என்ன கேட்காது என்பது என்னைவிட வேறு யாருக்குத் தெரியும்? உடனே ஏதாவது சொல்லி அவரையும் பேச்சில் சேர்த்திருக்கலாம். சேர்க்கவில்லை. இத்தனை வருடம் காத்திருந்து கிடைத்த இடம். கொஞ்ச நேரம் அதை எனக்கு மட்டும் வைத்துக்கொண்டேன்.

பிறகு அப்பாவின் கையிலிருந்து வளையத்தை எடுத்து, கையை வெளியே நீட்டினேன். "மச்சான், இது முழுசா வந்திருக்கான்னு நீங்க ஒருக்கா பாத்துச் சொல்லுங்க" என்றேன்.

அவர் வாங்கினார். "முழுசாத்தேன் இருக்கு" என்றார். நான் வெளியே வந்து பார்த்தபோது வளையம் அவர் கையில் இல்லை, கீழேயும் கிடக்கவில்லை. வெள்ளைச் சட்டைப் பையில் வட்டமாக ஒரு கறுப்பு ஊறிக்கொண்டிருந்தது. அக்கா பார்த்துச் சத்தம் போட்டாள். மச்சான் அதைத் துடைக்கவில்லை.