கடலில் ஆடிய நீலச் சட்டை

கட்டம் போட்ட நீலச் சட்டை அது. முதலில் நிறமெல்லாம் தெரியவில்லை. நடுக்கடலில் நின்றுபோன ஒரு படகின் மேல் ஏதோ துணி ஆடுவது மட்டும் தெரிந்தது. கிட்டே போகப் போகத்தான் நீலமும் கட்டமும் கண்ணில் பட்டன. பிள்ளைகளா, மாமா எப்படிச் செத்தார் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறீர்கள். "கடல்ல போயிட்டாரு" என்று சொல்லிவிட்டு உங்கள் அம்மா உள்ளே போய்விடுவாள். நான் எட்டாவதோடு நின்றவன், கோவையாக எழுத வருமா தெரியவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். ரத்தம் நிறைய வரும். அதை மறைத்தால் உங்கள் மாமாவையே மறைத்ததாகிவிடும்.

உங்கள் அம்மாவின் அண்ணன் எனக்கு மச்சான். தேவனாம்பட்டினத்தில் ஒரே பைபர் படகில் தொழில் செய்தோம், அவர்தான் ஓட்டுவார். எங்கள் இன்ஜினைப் பார்க்கும் மெக்கானிக் சிதம்பரத்துக்காரன். மூன்று பேரும் ஒரே இலையில் சாப்பிடும் அளவுக்குச் சிநேகிதம். ஒரு சாயங்காலம் சிதம்பரத்தில் அவன் பட்டறைக்கு எதிரே இருந்த பரோட்டா கடையில் உட்கார்ந்திருந்தோம். பக்கத்து மேசையில் ஒருவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். உள்ளே வந்த இளைஞன் ஒருவன் ஒரு வார்த்தை பேசாமல் அவர் கழுத்தில் வீச்சரிவாளை இறக்கினான். சால்னா வாளி கவிழ்ந்து, சால்னாவும் ரத்தமும் ஒன்றாக எங்கள் காலடிக்கு வந்தன. வெட்டியவன் எங்கள் மூன்று முகத்தையும் நிதானமாகப் பார்த்தான். செல்வாக்கான வீட்டுப் பையன். "பாத்துட்டீங்கல்ல, மறந்துடுங்க" என்று சொல்லிவிட்டு நடந்தே போனான்.

மெக்கானிக் மறக்கவில்லை. போலீசில் போய்ச் சொன்னான், நாங்களும் கூடப் போய் நின்றோம். கொஞ்ச நாளில் அவன் பட்டறை எரிந்தது. அணைக்கப் போனவனைத் தோளில் வெட்டினார்கள். செம்மண்டலத்தில் என்னைப் பைக்கில் துரத்தி வந்து இரும்புக் கம்பியால் அடித்தார்கள். மழைக்காலத்தில் நான் விலாவைப் பிடித்துக்கொண்டு உட்காருகிறேனே, அது அந்த அடிதான். பிடிபட வேண்டியவனோ வெளியே சுற்றிக்கொண்டிருந்தான். மச்சான்தான் முடிவு செய்தார். "இங்க இருந்தா மூணு பொணம் விழும் மாப்ள. இலங்கைக்குப் போயிடுவோம். அங்கேர்ந்து மலேசியாவோ எதுவோ, கைத்தொழில் இருக்குல்ல." வேறு வழி எனக்கும் தோன்றவில்லை. உங்கள் அக்கா அப்போது அம்மாவின் வயிற்றில் இருந்தாள். அம்மா தன் அண்ணனிடம் சொன்னது ஒன்றே ஒன்றுதான். "அண்ணா, அவர பத்திரமா பாத்துக்க." அவரை என்னிடம் அவள் ஒப்படைக்கவில்லை. என்னைத்தான் அவரிடம் ஒப்படைத்தாள்.

வலையை உலர்த்திவிட்டுக் கரையே உறங்கும் மத்தியான நேரத்தில் கிளம்பினோம். டீசல் கேன்களின் மேல் வலையைப் போட்டு மறைத்திருந்தோம். கரை மறைந்ததும் மெக்கானிக் குடல் வெளியே வருகிற மாதிரி வாந்தி எடுத்தான். "சிதம்பரத்துக்காரன் தேர் இழுக்கத்தான்டா லாயக்கு" என்று மச்சான் சிரித்தார். "சிரி சிரி. இன்ஜின் நின்னா இதே வாயிதான் என்ன கூப்புடும்" என்றான் அவன். பல நாளைக்குப் பிறகு அன்றைக்குத்தான் நாங்கள் சிரித்தோம். அப்போதுதான் தெற்கே அந்தச் சட்டை ஆடியது.

எங்கள் கடலில் ஒருவன் சட்டையைக் கழற்றி ஆட்டினால், அவன் எந்த ஊர்க்காரனாக இருந்தாலும் படகைத் திருப்பியாக வேண்டும். எங்களோடு அடிதடி நடக்கும் ஊராக இருந்தாலும் கயிறு கட்டி இழுத்து வந்து கரையில் விட்டுவிட்டுத்தான் மிச்சச் சண்டை. மச்சான் யோசிக்கவே இல்லை, கை தானாகத் திருப்பியது. மெக்கானிக் பாய்ந்து அவர் கையைப் பிடித்தான். "வேணாம் மச்சான், இன்னிக்கு ஒரு நாளு பாக்காத மாதிரி போ." மச்சான் கையை உதறினார். "சட்ட ஆட்டுறான்டா. தாண்டிப் போயிட்டு அப்பறம் எந்தக் கடல்ல எறங்குவ நீ?"

சட்டையை ஆட்டியவர் எங்கள் தொழில்காரர்தான். கிட்டே போனதும் அவர் முகத்தைப் பார்த்தேன். உதடு கிழிந்திருந்தது, கண்ணாலேயே 'போ, போ' என்றார். அதற்குள் படகுகள் உரசிவிட்டன. தார்ப்பாய்க்கு அடியிலிருந்து நான்கு பேர் எழுந்தார்கள், முதல் ஆள் பரோட்டா கடையில் பார்த்த அவன். எங்கள் கரையில் யாரோ போன் போட்டுச் சொல்லியிருக்கிறார்கள். தெற்கே எந்தப் பக்கமாகப் போவோம் என்பது கடல் தெரிந்த யாருக்கும் தெரியும். அந்தப் படகுக்காரரை மிரட்டி ஏற்றிவந்து காத்திருந்தார்கள். சட்டை ஆடினால் நாங்கள் வராமல் இருக்க மாட்டோம் என்பதையும் அவரை அடித்தே கேட்டு வாங்கியிருந்தார்கள்.

கடையில் வெட்டியவன் அரிவாளை வீசிய முதல் வீச்சு மெக்கானிக்குக்கு வந்தது. மச்சான் குறுக்கே கை கொடுத்தார். இரண்டு விரல்கள் படகுக்குள் விழுந்ததை என் கண்ணால் பார்த்தேன். இடது கையால் துடுப்பைச் சுழற்றி ஒருவன் தாடையை உடைத்தார். நான் நங்கூரத்தைத் தூக்கி இன்னொருவன் முழங்காலில் போட்டேன். வெட்டியவன் மறுபடி வீசியது மச்சான் வயிற்றில் இறங்கியது. எங்கள் படகில் குதிக்க அவர்கள் அத்தனை பேரும் ஒரே ஓரத்துக்கு வந்தார்கள். கடல் பழகியவன் ஒருநாளும் அப்படி நிற்கமாட்டான். அவர்கள் படகு ஒருக்களித்துக் கவிழ்ந்தது. படகுக்காரர் நீந்தி வந்து எங்கள் படகைப் பிடித்தார். மற்றவர்களில் இருவர் கவிழ்ந்த படகைக் கட்டிக்கொண்டார்கள், ஒருவன் மேலே வரவே இல்லை. வெட்டியவன் மட்டும் கொஞ்சம் தள்ளி மூழ்கி மூழ்கி எழுந்தான். மிதந்த நீலச் சட்டை அவன் கைக்குச் சிக்கியிருந்தது. கையைத் தூக்கித் தூக்கி அடித்தபோது அந்தச் சட்டையும் ஆடியது.

"சாவட்டும்" என்றான் மெக்கானிக். நானும் அதையேதான் நினைத்தேன். மச்சான் வயிற்றை ஒரு கையால் அழுத்திக்கொண்டு, விரல் போன கையைத் தண்ணீருக்குள் நீட்டினார். "சட்ட ஆட்டுறான்டா" என்றார் மறுபடியும். அவன் அந்தக் கையைப் பிடித்துத்தான் ஏறினான். அவனைக் கயிற்றால் கட்டிப் போட்டோம். கவிழ்ந்த படகைப் பிடித்திருந்த இருவரையும் ஏற்றிக் கட்டிவிட்டுக் கரைக்குத் திருப்பினோம். மச்சான் தலை என் மடியில் இருந்தது. "தங்கச்சிகிட்ட சொல்லு, பாத்துக்கிட்டேன்னு" என்றார். கரை தெரிவதற்கு முன்பே உடம்பு குளிர்ந்துவிட்டது. எதிரே வெட்டியவன் வாந்தி எடுத்துக்கொண்டும் அழுதுகொண்டும் இருந்தான். அதற்கப்புறம் நாங்கள் எங்கும் ஓடவில்லை. மெக்கானிக் கோர்ட்டில் நின்று ஒவ்வொன்றையும் சொன்னான். நானும் சொன்னேன். வெட்டியவன் இன்னும் ஜெயிலில்தான் இருக்கிறான்.

போன மாசம் என் இன்ஜின் நடுக்கடலில் நின்றுவிட்டது. போனில் சிக்னலும் இல்லை. சட்டையைக் கழற்றி ஆட்டினேன். இதை நம்பி இனி யார் வருவார்கள் என்றுதான் நினைத்தேன். ரொம்ப நேரம் கழித்து ஒரு படகு திரும்பியது. எங்கள் ஊரோடு பேச்சே இல்லாத ஊர்ப் படகு. ஆனால் கிட்டே வரவில்லை. கொஞ்சம் தள்ளி நிறுத்தினார்கள். ஒருவன் துடுப்பை ஓங்கிப் பிடித்துக்கொண்டு, "யோவ், தார்ப்பாயத் தூக்கிக் காட்டு" என்று கத்தினான். மச்சான் செத்ததிலிருந்து எங்கள் கடலில் எல்லோரும் அப்படித்தான் கேட்கிறார்கள். தூக்கிக் காட்டினேன். அடியில் வலையும் சோற்றுத் தூக்கும்தான் இருந்தன. அவன் துடுப்பைக் கீழே வைத்தான். கயிறு என் பக்கம் பறந்து வந்தது. அதைப் பிடித்துக் கட்டிவிட்டு, சட்டையைப் போடாமல் மடியில் வைத்துக்கொண்டே கரை வரைக்கும் வந்தேன்.