இல்லாத பாம்பைத் தேடியவர்களுக்கு

எங்கள் அண்ணா தென்மராட்சியில் பிறந்தவர். அப்பாவுக்குக் கண்டாவளைப் பக்கம் குடியேற்றக் காணி கிடைத்தபோது, பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டுக் காடு வெட்ட வந்தார். அப்பா கண்மூடிய பின் வயலையும் வீட்டையும் சுமந்தவர் அவரே. என்னைச் சைக்கிளில் ஏற்றிப் பள்ளிக்கூடம் கொண்டுபோய் விட்டவரும் அவரே. வாயோ, சொல்லி வேலையில்லை! நெல்லுச் சூடு மிதிக்கும் களத்தில் அவர் பகிடி விட்டால் மாடும் நின்று கேட்கும் என்பார்கள்.

அந்த வாய் கடைசி மாதங்களில் மூடிக்கொண்டது. ஏனென்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது. சென்ற ஆண்டு, மாரி தொடங்க முன், அண்ணா தம்முயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். இதை அச்சில் எழுத எங்களுக்கு ஒரு வருடம் பிடித்தது.

செத்த வீட்டுக்கு வந்தவர்களிடம் பெரியப்பா, "பாம்பு கடிச்சுப்போட்டுது" என்று சொல்லிவிட்டார். எங்கள் மானத்தைக் காக்கச் சொன்னது. அவரைக் குறை சொல்லமாட்டேன். ஆனால் அம்மா பட்ட பாடு! ஒருவரிடம் புடையன் என்பார், இன்னொருவரிடம் நாகம் என்பார். உண்மை வாயில் வந்துவிடும் என்ற பயத்தில் வாய்விட்டு அழவுமில்லை. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்த கையோடு வாசல் படலையைச் சாத்திக்கொண்டோம்.

ஒருநாள் காலை அயலவர்கள் கத்தியும் தடியுமாய் வந்து நின்றார்கள். பிள்ளைகள் திரியும் இடமாம், பாம்பைப் பிடிக்காமல் விடக்கூடாதாம். வேலிக்கரைப் பற்றைகளை வெட்டினார்கள், புற்றைக் கிண்டினார்கள். வெயில் ஏறியும் விடவில்லை. அம்மாவுக்குத் தாங்கவில்லை. குசினி அடுப்படியிலிருந்து ஓடி வந்தார்.

"விடுங்கோ! பாம்புமில்லை, ஒண்டுமில்லை. என்ரை பிள்ளை தானாத்தான் போனவன்!"

எல்லோரும் வெட்டுவதை நிறுத்தினார்கள். பக்கத்துக் காணி மாமி கத்தியைக் கீழே போட்டுவிட்டு வந்து அம்மாவைக் கட்டிக்கொண்டார்.

"எங்களுக்குத் தெரியும், பிள்ளை."

"தெரிஞ்சுகொண்டோ பத்தை வெட்டினனீங்கள்?"

"நீங்கள் படலையைச் சாத்திப்போட்டு இருந்தால், வேறை என்ன சாட்டுச் சொல்லி நாங்கள் உள்ளுக்கை வாறது?"

அன்றுதான் அம்மா அழுதார். மாமியின் தோளில் விழுந்து, ஆசை தீர அழுதார். பிறகு எழும்பி எல்லோருக்கும் தேத்தண்ணி வைத்தார். தேத்தண்ணி குடித்தபடி அவர்கள் அண்ணாவின் பகிடிகளைச் சொல்லிச் சிரிக்க, அம்மாவுக்கும் சிரிப்பு வந்தது. அப்பாடா! அந்தச் சிரிப்பைக் கண்ட பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது. இப்போது எங்கள் வீட்டில் எந்த நேரமும் அண்ணாவின் கதைதான். அழுகை வந்தால் அழுகிறோம், ஒளிப்பதில்லை.

பந்தல் போட்டவர்களுக்கும், பாடை சுமந்தவர்களுக்கும், சமைத்துத் தந்தவர்களுக்கும் எங்கள் நன்றி. இல்லாத பாம்பை வெயிலில் நின்று தேடியவர்களுக்கு நன்றி என்ற சொல் போதாது. படலை திறந்துதான் கிடக்கிறது. சாட்டு ஒன்றும் வேண்டாம், வாருங்கள்.

தங்கை