கண்டதைச் சொன்ன சிவமணி அக்கா

நான் பிறந்த மடத்துவெளியில் நடந்த சாவு, பக்கத்துத் தீவிலுள்ள கரம்பொனில் இருக்கும் எனக்குக் கனடாவிலிருந்துதான் தெரியவந்தது. "பிள்ளை, சங்கக்கடைச் சிவமணி அக்கா மோசம் போயிட்டாவாம். உனக்கு ஒருத்தரும் சொல்லேல்லையே?" என்று ரொறன்ரோவிலிருந்து என் ஒன்றுவிட்ட அண்ணை கேட்டார். எனக்கு முதலில் வந்தது கோபம்தான். அழுகை பஸ்ஸில் ஏறி இருந்த பிறகுதான் வந்தது.

அக்காவை அறிந்தவர்களுக்கு நான் புதிதாகச் சொல்ல அதிகமில்லை. எங்கள் ஊர்க் கூட்டுறவுச் சங்கக்கடைக்கு அவர் முகாமையாளர். நான் அவருக்குக் கீழே அரிசியும் சீனியும் நிறுத்துக் கொடுத்தவள். ஊரில் அவருக்குச் சம்பளமில்லாத இன்னொரு வேலையும் இருந்தது. எங்கள் பக்கத்தில் சாதகம் பொருந்தியவுடன் கலியாணம் முடிவாகிவிடுவதில்லை. பெடியன் எப்படி, பெட்டை எப்படி என்று ஊருக்குள் விசாரிப்பார்கள். லண்டனிலிருந்தும் பாரிஸிலிருந்தும் விசாரிக்கிறவர்கள்கூட அக்காவுக்குத்தான் தொலைபேசி எடுப்பார்கள். ஊர் முழுவதும் வந்து வரிசையில் நிற்கும் இடம் சங்கக்கடை. மனிதரை அவரைவிட அதிகம் பார்த்தவர் வேறு யார்?

"நல்ல பெடியனோ?" என்று கேட்டால் அக்கா நேரே பதில் சொல்லமாட்டார். "நல்லவன் எண்டு சொல்ல எனக்கு ஏலாது. நான் கண்டதைச் சொல்லுறன்" என்றுதான் தொடங்குவார். நாலு வார்த்தை சேர்த்துப் பேசத் தெரியாத ஒரு பெடியனைப் பற்றி ஒருமுறை விசாரணை வந்தது. ஊமைக்கோட்டான் என்று ஊர் ஏற்கெனவே சொல்லி முடித்திருந்தது. அக்கா சொன்னார்: "நல்லதண்ணிக் கிணத்தடியில கண்டனான். தான் அள்ளி முடிச்சாலும், அடுத்து நிக்கிற ஆளுக்கு ஒரு வாளி அள்ளி வைச்சிட்டுத்தான் போவான். ஆர் நிண்டாலும் அப்பிடித்தான்." அந்தக் கலியாணம் நடந்தது. இருவரும் நன்றாகவே இருக்கிறார்கள்.

அக்கா எல்லாரையும் நல்லவராக்கிவிடுவார் என்று பழித்தவர்களும் உண்டு. அவர்கள் அக்காவை அறியாதவர்கள். குடித்துவிட்டு வீட்டில் கை நீட்டுகிற ஒருவரின் பெயரைச் சொல்லிக் கேட்டபோது அவர் வெகுநேரம் யோசித்தார். பிறகு, "அவரைப் பற்றிச் சொல்ல நான் ஒண்டும் காணேல்லை" என்று மட்டும் சொல்லித் தொலைபேசியை வைத்தார். எனக்குப் பொறுக்கவில்லை. குடியைப் பற்றிச் சொல்லியிருக்கலாமே என்று பாய்ந்தேன். "கெட்டதைச் சொல்ல ஊரே நிக்குது. நல்லதைத்தான் தேடிப் பாக்கவேணும். நான் தேடியும் காணேல்லை எண்டால் கேக்கிற ஆளுக்கு விளங்கும்" என்றார். விளங்கித்தான் இருந்தது. அந்தக் கலியாணப் பேச்சு அத்துடன் நின்றுபோனது.

ஒருநாள் என் முறையும் வந்தது. அதற்குமுன் எனக்குப் பேசிவந்த இரண்டு சம்பந்தங்கள் வந்த வழியே திரும்பியிருந்தன. காரணம் என் வாய். வரிசையில் யாராவது முன்னே நுழைந்தால் நான் போடும் சத்தம் சந்திவரை கேட்கும். "உந்த வாயாலதான் நீ வீட்டில இருக்கப்போறாய்" என்று அம்மா சொல்லி அழுவார். எனக்கென்ன என்று நானும் வீம்பாகத்தான் திரிந்தேன். ஆனாலும் உள்ளுக்குள் பயம் பிடித்திருந்தது. மூன்றாவதாகக் கரம்பொனிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. நான் யாழ்ப்பாணம் போயிருந்த நாளாகப் பார்த்து மாப்பிள்ளையின் தாய் நேரே கடைக்கே வந்து அக்காவிடம் விசாரித்துவிட்டுப் போனார். அக்கா அதுபற்றி மூச்சு விடவில்லை. அவர் வந்துபோனதை ஊர்ச்சனம் சொல்லித்தான் அறிந்தேன்; அக்காவின் முகத்தைப் பார்க்கவே எனக்குத் தைரியம் வரவில்லை. அவர்கள் சம்மதம் சொல்லி அனுப்பியபோது அம்மாவாலேயே நம்ப முடியவில்லை.

நடந்ததைக் கலியாணத்துக்குப் பிறகு அந்தத் தாய், என் மாமிதான் சொன்னார். கடையில் கிடந்த கதிரையில் உட்கார்ந்துகொண்டு, "பெட்டை சண்டைக்காரி எண்டு சொல்லுகினம், உண்மையோ?" என்று கேட்டாராம். அக்கா மறைக்கவில்லை. "ஓம், சத்தம் போடுவாள். எத்தினையோ தரம் கண்டனான். ஆனால் ஒருநாளும் தனக்காகச் சத்தம் போட்டதை நான் காணேல்லை" என்றாராம். அதைக் கேட்டுக் குசினி அடுப்படியில் நின்று அழுதேன். என்னைப் பற்றி எனக்கே அது தெரிந்திருக்கவில்லை.

செத்தவீட்டுக்கு மாமியும் என்னோடு வந்தார். அக்கா கலியாணம் செய்யவில்லை என்பது அவருக்கு அங்கேதான் தெரிந்தது. "இவவை ஒருத்தரும் பேசி வரேல்லையோ?" என்று மெல்லக் கேட்டார். பக்கத்து வீட்டு அம்மா திரும்பி, "தகப்பன் பாயில கிடந்தார், தம்பிமார் சின்னப்பிள்ளையள். இவவைப் பற்றி ஆர் வந்து விசாரிச்சது?" என்றார். அதற்குமேல் அங்கே இருக்க என்னால் முடியவில்லை. ஊரிலுள்ளவர்களின் குணத்தையெல்லாம் எடுத்துச் சொன்னவரைப் பற்றி ஒரு குரல்கூட வந்து கேட்கவில்லை.

இன்றும் நான் சத்தம் போடுகிறவள்தான். வாயைத் திறக்குமுன், யாருக்காக என்று ஒருகணம் பார்க்கிறேன். அக்காவிடமிருந்து நான் வைத்திருப்பது அதுதான்.

இனி யாரும் வந்து விசாரிக்கப்போவதில்லை. அதனால் கேட்காமலே சொல்கிறேன். சிவமணி அக்கா நல்லவர் என்று சொல்ல எனக்கு ஏலாது. நான் கண்டதைச் சொல்கிறேன். எங்கள் சங்கக்கடையில் உட்கார ஒரேயொரு கதிரைதான் இருந்தது. அது எப்போதும் சனம் வந்து நிற்கும் பக்கத்திலேயே கிடந்தது. கால் வீங்கி, மேசையைப் பிடித்துக்கொண்டு நின்ற நாட்களிலும் அக்கா அதை உள்ளே எடுத்துப் போட்டதை நான் காணவில்லை.