ஞானப்பல் பார்த்த தியாகராஜா

தியாகராஜா பல் டாக்டர் இல்லை. அவர் வாயால் இதை யாரிடமும் சொல்லமாட்டார் என்பதால் முதலிலேயே சொல்லிவிட வேண்டியிருக்கிறது.

பினாங்கு ஜார்ஜ் டவுனில் அரசாங்கப் பல் கிளினிக் ஒன்றில் அவர் டிரெஸர். வெள்ளைக்கார டாக்டரின் வலது பக்கம் நின்று பன்னிரண்டு வருஷம் குறடு எடுத்துக் கொடுத்தவர். டாக்டர் நோயாளியின் வாய்க்குள் பார்த்துச் சொல்லச் சொல்ல, எந்தப் பல் இருக்கிறது, எது இல்லை, எது சொத்தை என்று அட்டையில் எழுதியவர். அந்த எழுத்து வேலைதான் அவருக்கு உயிர். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து தபால் கந்தோரில் கிளார்க்காக இருந்த அப்பாவுக்கு, மகனும் வெள்ளைச் சட்டை போட்டுப் பேனா பிடிக்கிறான் என்பதில் சாகும்வரை பெருமை.

டாக்டரின் அலமாரியில் ஒரு தடித்த பல் புத்தகம் இருந்தது. அதிலிருந்து ஒவ்வொரு பல்லின் பெயரையும், அது முளைக்கும் வயதையும் தியாகராஜா ஒரு நீல நோட்டில் முத்து முத்தாக எழுதி வைத்திருந்தார். முளைத்த பல் என்றால் என்ன என்பதற்கும் அதில் ஒரு வரி உண்டு: எந்தச் சிறு பாகமாவது ஈறுக்கு வெளியே தெரிந்தால் அது முளைத்த பல். அந்த வரிக்கு அடியில் சிவப்பு மையில் கோடு போட்டிருந்தார். அவருக்கு எதிலும் கறார் வேண்டும்.

ஜப்பான்காரன் குண்டு போட்ட வாரமே டாக்டர் மற்ற வெள்ளைக்காரர்களோடு சொல்லாமல் கொள்ளாமல் கப்பலேறிவிட்டார். பன்னிரண்டு வருஷம் கூட நின்றவனுக்கு ஒரு வார்த்தை இல்லை. கொக்கியில் அவர் குடை மட்டும் தொங்கிக்கொண்டிருந்தது. தியாகராஜாவுக்கு முதலில் ஆத்திரம் வந்தது. அப்புறம் பல்வலிக்காரர்கள் வந்தார்கள். பல் வலிக்கிறவனுக்கு யார் ராஜ்யம் என்ற கவலை கிடையாது. அவர் பிடுங்கினார், நன்றாகவே பிடுங்கினார். ஆறு மாதத்தில் "டாக்டர்" என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்ப்பது என்ற நிலைக்கு வந்துவிட்டார்.

கிளினிக்கில் அவரைத் தவிர மிஞ்சியது நல்லம்மாள் ஒருத்திதான். சுங்கை பினாங்கில் ஒட்டுக் குடித்தனத்தில் இருந்த விதவை. காலை ஏழு மணிக்கு வந்து தரை கழுவி, அடுப்பு மூட்டி, குறடுகளையும் கண்ணாடிகளையும் வெந்நீரில் கொதிக்க வைப்பாள். அவளுக்கு ஒரே மகன், பழனியப்பன். ஜப்பான்காரன் வந்தபோது அவனுக்கு வயது பதினாலு. அவன் பிறப்புப் பத்திரம் குண்டு விழுந்த அன்று வீட்டோடு எரிந்துபோனது.

குண்டு விழுந்து ஒன்றரை வருஷம் ஆன பிறகு ஒரு காலை, ஜப்பானிய அதிகாரி ஒருவன் தாடை வீங்கிப்போய்க் கிளினிக்குக்கு வந்தான். கூலி ஆள் பிடிக்கும் இலாகாவைச் சேர்ந்தவன். மலாய் பேசத் தெரிந்த ஒரு தைவான்காரன் மொழிபெயர்க்கக் கூட வந்திருந்தான். கடைவாயில் கடைசியாக வரும் ஞானப்பல்தான் அதிகாரியைப் படுத்திக்கொண்டிருந்தது. தியாகராஜா அரை மணி நேரம் போராடி அதை எடுத்தார். வலி போனதும் அதிகாரிக்கு உற்சாகம் வந்துவிட்டது. பல்லைக் கையில் வைத்து உருட்டிக்கொண்டே, "ஓயாஷிராசு" என்று சொல்லிச் சிரித்தான்.

"அவங்க பாஷையில இதுக்கு அப்பா அம்மா அறியாத பல்லுன்னு பேர்" என்று மலாயில் சொன்னான் தைவான்காரன். "இது முளைக்கிற வயசுல பெத்தவங்க இருக்கமாட்டாங்களாம்."

தியாகராஜா தலையாட்டிவிட்டுக் கையைக் கழுவப் போயிருக்கலாம். ஆனால் பல்லைப் பற்றி ஒருவன் பேச, அவர் வாய் சும்மா இருக்குமா?

"மலாய்க்காரர் இதைக் கடைக்குட்டிப் பல் எண்டு சொல்லுவினம், துவான். வெள்ளைக்காரனும் நாங்களும் ஞானப்பல் எண்டுறம். பதினெட்டு வயசுக்கு மேலதான் வரும். ஒருத்தன் வாயைத் திறந்து பார்த்தால் போதும், வளர்ந்தவனோ சின்னப்பெடியனோ எண்டு நான் சொல்லிப்போடுவன்." இதையே மலாயில் தட்டுத் தடுமாறாமல் சொன்னார்.

அதிகாரியின் சிரிப்பு நின்றது. இன்னொரு தடவை, மெதுவாகச் சொல்லச் சொன்னான். சட்டைப்பையிலிருந்து ஒரு சின்னப் புத்தகத்தை எடுத்து எழுதிக்கொண்டான். தன் சொல்லை ஒரு அதிகாரி எழுதிக்கொள்கிறானே என்று தியாகராஜாவுக்குத் தலைகால் புரியவில்லை.

மூன்றாவது வாரம் அதிகாரியின் ஆள் வந்து அவரைக் கூட்டிப்போனான். ஒரு பள்ளிக்கூடத் திடலில் மேசையும் நாற்காலியும் போட்டிருந்தார்கள். சயாமில் ரயில் ரோடு போட ஆள் வேண்டும். பதினெட்டு நிரம்பியவனெல்லாம் போக வேண்டும். திடலில் நின்ற தாய்மார் எல்லாரும் தங்கள் மகனுக்குப் பதினைந்து என்றார்கள். அதனால் இனிப் பல்லைப் பார்ப்பது என்று முடிவாகியிருந்தது. தியாகராஜா ஒவ்வொரு வாயாகப் பார்க்க வேண்டும். அதிகாரிக்குப் புரிகிற மாதிரி மலாயில் இரண்டே சொல்: பல் இருந்தால் "அடா", இல்லாவிட்டால் "தக் அடா". அடா என்றால் லாரி. தக் அடா என்றால் முத்திரை குத்திய சீட்டு. அந்தச் சீட்டு இருப்பவனை யாரும் தொடமாட்டார்கள்.

அன்றைக்கே தனக்கு உடம்பு சரியில்லை என்று படுத்திருக்கலாம் அவர். படுக்கவில்லை. தோட்டத்துச் சனம்தானே, வேலைக்குப் பழகினவர்கள், சயாமிலும் வேலைதானே என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். வெள்ளைச் சட்டைக்காரர்கள் இப்படித்தான் சொல்லிக்கொண்டார்கள். அவர் மட்டும் எப்படி வேறாக இருப்பார்? இரண்டாம் நாள் ஒரே ஒரு தடவை மனம் இளகினார். இடுப்பில் கைக்குழந்தையோடு பெண்டாட்டி அழுதுகொண்டு நின்ற ஒருவனுக்கு "தக் அடா" என்றார். அதிகாரி எழுந்து வந்து, அந்த ஆளின் வாய்க்குள் தானே விரலை விட்டுத் தடவினான். பிறகு தியாகராஜாவைக் கன்னத்தில் இரண்டு அறை அறைந்தான். மூக்குக் கண்ணாடி புல்லில் போய் விழுந்தது. அதற்குப் பிறகு அவர் பார்வையில் ஒரு பிசகும் இல்லை.

நல்லம்மாள் மகனைச் சுங்கை பாக்காப்பில், ரப்பர் தோட்டத்துக் கூலிக் குடியிருப்பான லயத்தில் இருந்த தன் தங்கையிடம் ஒளித்து வைத்திருந்தாள். ஆனால் லாரிகள் தோட்டங்களுக்கும் போக ஆரம்பித்துவிட்டன. ஒரு காலை, கொதித்த குறடுகளைக் கொண்டுவந்து வைத்தவள் போகாமல் நின்றாள்.

"அய்யா, நம்ம பழனிக்குப் பதினாறுதான். அங்கயே இருக்கட்டுமா, இல்ல கூட்டியாந்து சீட்டு வாங்கிரட்டுமா? நீங்க சொன்னா சரி."

"பதினாறெண்டால் வராது" என்றார் அவர், கண்ணாடியைத் துடைத்தபடி. "புத்தகத்திலயே இருக்கு. ஏன் ஒளிச்சுத் திரியவேணும்? கூட்டிக்கொண்டு வா. நான்தானே அங்க இருக்கிறன்."

"அதுக்கு முன்ன ஒருவாட்டி அவன் வாயைப் பாத்துருங்களேன், அய்யா. ஞாயித்துக்கெழமை இங்க கூட்டியாரேன்."

"என்னத்துக்கு வீணாய்? பதினாறு வயசில ஞானப்பல் முளைச்ச ஒருத்தரையும் டாக்டரோட நிண்ட பன்னிரண்டு வருஷத்தில நான் கண்டதில்லை."

அது பொய்யில்லை. அந்தப் பன்னிரண்டு வருஷமும் கிளினிக் நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் துரைமாரும், துரைமார் வீட்டுப் பிள்ளைகளும், கந்தோர் உத்தியோகஸ்தர்களும்தான். லயத்துப் பையன் ஒருவனாவது அதில் ஏறியிருப்பானா? புத்தகம் எழுதியவனும் தன் ஊர்க்காரன் வாயைப் பார்த்துத்தான் எழுதினான். தியாகராஜாவுக்கு இது உறைக்கவில்லை. நல்லம்மாள் அவரைக் கும்பிட்டுவிட்டு, அன்று சாயங்காலமே மகனை அழைத்துவரப் புறப்பட்டாள்.

புதன்கிழமை பழனி வரிசையில் வந்தான். உயரமாக, ஒல்லியாக, அரும்பு மீசையோடு இருந்தான். அம்மாவின் முதலாளி என்பதால் தியாகராஜாவைப் பார்த்துக் கூச்சத்தோடு சிரித்தான். வேலிக்கு அப்பால் நல்லம்மாள் நிற்பது அவருக்குத் தெரிந்தது. "ஆ காட்டு" என்றார். மேலே இரண்டு பக்கமும் ஒன்றுமில்லை. கீழே இடது பக்கம் ஒன்றுமில்லை. வலது பக்கம், கடைசியில், ஈறைப் பிளந்துகொண்டு ஒரு வெள்ளை முனை. நொய்யரிசியில் பாதி இருக்கும். அவ்வளவுதான்.

பல் பார்க்கும் கண்ணாடியை வாயிலிருந்து எடுத்துவிட்டு மறுபடி வைத்துப் பார்த்தார். அது போகவில்லை. பின்னால் புல்லில் பூட்ஸ் சத்தம் கேட்டது. கன்னம் தானாகவே சுள்ளென்றது. அந்த நேரம் பார்த்து நீல நோட்டின் சிவப்புக் கோடு போட்ட வரி நினைவுக்கு வந்தது. எந்தச் சிறு பாகமாவது. அவருக்கு ஒதுங்க ஒரு இடம் கிடைத்துவிட்டது.

"அடா" என்றார்.

பழனிக்கு முதலில் விளங்கவில்லை. வாயைத் திறந்தபடியே இருந்தான். சிப்பாய் வந்து தோளைப் பிடித்தபோதுதான், "அய்யா, நான் நல்லம்மா மகன் அய்யா" என்றான், அவர் ஆளை மாற்றிச் சொல்லிவிட்டதாக நினைத்துக்கொண்டு.

தியாகராஜா அப்போதுதான் திரும்பிப் பார்த்தார். பூட்ஸ் சத்தம் காவல்காரனுடையது. அதிகாரி திடலின் அந்தக் கோடியில், மரத்தடியில், மேசைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தான். அன்று பகல் முழுவதும் அவன் எழுந்து வரவில்லை. தியாகராஜா அதற்கப்புறம் வந்த பதினொரு வளர்ந்த ஆண்களுக்குத் தொடர்ந்து "தக் அடா" என்றார். ஒருவன் வாய்க்குள்ளும் யாரும் விரல் விடவில்லை. பதினொரு பேரும் சீட்டோடு வீட்டுக்குப் போனார்கள். அந்தப் பதினொரு வீட்டில் அவரைத் தெய்வம் என்றிருப்பார்கள்.

வீட்டில் சோற்றுக்குப் பதில் இருந்த மரவள்ளிக்கிழங்கை அவர் தொடவில்லை. நடந்ததை மனைவி கமலாம்பிகையிடம் சொன்னார்.

"அரிசி முனையளவு எண்டு நீங்களே சொல்லுறியள். காணாத மாதிரி விட்டிருக்கலாமே?"

"புத்தகத்தின்படி அது முளைச்ச பல்லு."

"புத்தகம் ஆரைப் பெத்தது?" என்று கேட்டுவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு போனாள்.

அக்கரையில் பிறை ஸ்டேஷனிலிருந்து பழனியை ஏற்றிய ரயில் போன மறுநாள் நல்லம்மாள் வேலைக்கு வரமாட்டாள் என்றுதான் அவர் நினைத்தார். ஏழு மணிக்கு வந்தாள். தரை கழுவினாள். அடுப்பு மூட்டினாள். அவள் ஒரு சொல் திட்டியிருந்தால் அவருக்கு ஆறுதலாக இருந்திருக்கும். திட்டாததால் அவர்தான் பேச வேண்டியதாயிற்று. நீல நோட்டை விரித்து, சிவப்புக் கோட்டில் விரலை வைத்துக் காட்டினார்.

"இதைப் பார், நல்லம்மா. கொஞ்சம் வெளியில தெரிஞ்சாலும் முளைச்ச பல் எண்டுதான் கணக்கு. நான் என்ன செய்ய?"

அவள் நோட்டைப் பார்த்தாள். "எனக்குப் படிக்கத் தெரியாதுங்களே" என்றாள். வாளியை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டாள்.

இதைவிடக் கேவலமாக ஒரு மனிதன் நடந்துகொள்ள முடியுமா என்று அவரே பின்னாளில் பலமுறை கேட்டுக்கொண்டிருக்கிறார். முடியாது என்பதுதான் பதில்.

மறு வருஷம் மழை மாதத்தில், சயாமிலிருந்து ஒரு காலை இழந்து திரும்பிய ஒருவன் சுங்கை பினாங்குக்கு வந்து சொன்னான். பழனியின் முகாமில் வாந்திபேதி வந்ததாம். பழனிக்குக் குழி வெட்டியவர்களில் தானும் ஒருவனாம். நல்லம்மாள் அன்றும் வேலைக்கு வந்தாள். ஒரு மணி நேரம் பிந்தி வந்தாள், அவ்வளவுதான்.

அதற்கடுத்த மாதம் அவள் கன்னம் வீங்கியது. முதல் நாள் கொட்டைப்பாக்களவு இருந்தது, மூன்றாம் நாள் கண்வரை ஏறிவிட்டது. கஞ்சிகூட இறங்கவில்லை, காய்ச்சலில் உடம்பு நடுங்க, அடுப்பு முன்னால் குந்தியிருந்தாள். தியாகராஜாவுக்குப் பொறுக்கவில்லை. உண்மையைச் சொன்னால், உள்ளுக்குள் ஒரு சின்ன நிம்மதியும் வந்தது. இதையாவது அவளுக்குச் செய்யலாம். கையைக் கழுவிக்கொண்டு, துரைமார் உட்கார்ந்த நாற்காலியைத் துடைத்து, கிராம்பு எண்ணெயை எடுத்து வைத்தார்.

"நல்லம்மா, இதில வந்து இரு. நோகாமல் எடுத்துவிடுறன்."

அவள் எழுந்தாள். கொதித்த குறடுகளை ஒவ்வொன்றாக எடுத்து, தினமும் வைக்கிற மாதிரியே வெள்ளைத் துணியில் வரிசையாக வைத்தாள்.

"வேணாங்கய்யா."

"பிடுங்கவேண்டாம். சும்மா வாயைத் திற, பார்க்கிறன்."

"நீங்க பாக்க வேணாங்கய்யா" என்றாள் அவள், வீங்கிய வாயால் சிரமப்பட்டு. "பாத்தா அடான்னு சொல்லிருவீங்க."

முந்தானையால் வாயை இறுக்கிப் பொத்திக்கொண்டு, கடைவாசல் நடைபாதையான அஞ்சடியில் உட்கார்ந்து பல் பிடுங்கும் சீனனைத் தேடி மழையில் இறங்கிப் போனாள்.